தம்பி கேட்ட கேள்விக்கு

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே எல்லாரும் நலம். இந்த மழைக்கு அப்பாவின் முட்டிவலி கொஞ்சம் கூடியிருக்கிறது, மற்றபடி ஒன்றும் இல்லை. போனிலேயே பேசியிருக்கலாம். ஆனால் இந்த விஷயத்தைப் போனில் ஆரம்பித்தால் நடுவில் குக்கர் விசில் அடிக்கும், இல்லை உனக்கு மீட்டிங் வந்துவிடும். அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். என் பேரப்பிள்ளை, நம் தம்பி, தூங்கினதும் நிதானமாகப் படி.

ஞாயிற்றுக்கிழமை அவன் கேட்டது எனக்கு இன்னும் மனசைவிட்டுப் போகவில்லை. நாலாம் வகுப்பில் அரிசோனா வரலாறு நடக்கிறது என்று சொல்லிக்கொண்டு வந்தவன், "பாட்டி, நாம டிசம்பர்ல போனோமே அந்தக் கோட்டை, அங்க இருந்த சோல்ஜர்ஸ் நல்லவங்களா, அப்பாச்சிக்காரங்க நல்லவங்களா?" என்று கேட்டான். அங்கே இருந்த அமெரிக்கப் படையையும், அந்த மண்ணின் பூர்வகுடிகளான அப்பாச்சிகளையும் பற்றித்தான் கேட்டான். நான் வாயைத் திறப்பதற்குள் நீ அடுப்படியிலிருந்து, "ரெண்டு பேரும் சண்டை போட்டாங்கடா, அது பழைய கதை, சாப்பிட வா" என்றாய். உன்னைக் குறை சொல்லவில்லை கண்ணு. நாள் முழுக்க வேலை பார்த்துவிட்டு வந்து நிற்பவளுக்கு அதுதான் வாயில் வரும். ஆனால் அந்தப் பதில் எனக்கு ஒப்பவில்லை. ஊர் திரும்பினதிலிருந்து இதைப் பற்றித்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். அவன் கேட்டதற்குப் பதில் இருக்கிறது. கொஞ்சம் நீளமான பதில், அவ்வளவுதான்.

அன்றைக்கு நாம் போனது நினைவிருக்கிறதா? நாலு மணி நேரம் கார், அப்புறம் மண் பாதை, காரை நிறுத்திவிட்டு ஒன்றரை மைல் நடை. ஆனைக்கற்றாழையும் முள்ளுமாக இருந்த மலைச்சரிவு. போவி கோட்டைக்கு வந்து சேர்ந்ததும் தம்பி, "கோட்டைன்னா சுவர் எங்கே?" என்றான். செஞ்சியைப் பார்த்த பிள்ளை அப்படித்தான் கேட்பான். நாம் பார்த்த அந்தக் கோட்டைக்குச் சுற்றுச்சுவர் கிடையாது. நடுவில் அணிவகுப்பு மைதானம், அதைச் சுற்றிப் படைவீரர் குடியிருப்பு, ஆஸ்பத்திரி, கடை, குதிரைக் கொட்டடி. பெரும்பாலும் பச்சைச் செங்கல் கட்டடம். இப்போது இடுப்பளவும் ஆளுயரமுமாக மொட்டைச் சுவர்கள்தான் நிற்கின்றன. மாப்பிள்ளை அதைத் தொட்டுப் பார்த்து, இது உங்கள் ஊர்ப் பழைய வீட்டுச் சுவர் மாதிரியே இருக்கிறது அத்தை என்றார்.

ஆனால் அவனிடம் நீ காட்டவேண்டியது அந்தச் சுவரை இல்லை. வழியில் மர நிழலில் ஒரு சுனை கசிந்து ஓடியதே, அதை. நாம் நின்றுகூடப் பார்க்கவில்லை. சுண்டுவிரல் கனத்துக்குத் தண்ணீர், அவ்வளவுதான். அந்தத் தண்ணீருக்காகத்தான் அங்கே கோட்டையே வந்தது. சுற்றிலும் வறண்ட காடு. டோஸ் கபேசாஸ் மலைக்கும் சிரிக்காவா மலைக்கும் நடுவே அந்தக் கணவாய். அந்தப் பக்கமாக மேற்கே கலிபோர்னியாவுக்குப் போகிற எவரும் குதிரைக்குத் தண்ணீர் காட்ட அந்த வழியாகத்தான் வரவேண்டும். 1858இல் தபால் வண்டிக்காரர்கள் அங்கே ஒரு நிலையம் கட்டினார்கள். அப்பாச்சிகளில் சிரிக்காவா என்ற பிரிவின் தலைவர் கொச்சீஸ் அவர்களை விட்டுவைத்தார். சில வருஷம் அப்படியே ஓடியது.

எல்லாம் கெட்டது 1861இல், ஒரு பிள்ளை காணாமல் போனதில். சோனாய்ட்டா ஓடைப் பக்கம் ஒரு பண்ணையில் மாடுகளை ஓட்டிக்கொண்டு போனவர்கள் 12 வயதுப் பையனையும் பிடித்துக்கொண்டு போனார்கள். கொச்சீஸின் ஆட்கள்தான் என்று பண்ணைக்காரர் சொன்னார். லெப்டினன்ட் பாஸ்கம் என்ற இளம் அதிகாரி ஐம்பது சொச்சம் வீரர்களோடு கணவாய்க்கு வந்து கூடாரம் அடித்தார். கொச்சீஸைப் பேச வரச் சொல்லி ஆள் அனுப்பினார். கொச்சீஸ் எப்படி வந்தார் தெரியுமா? மனைவி, பிள்ளைகள், தம்பி, தம்பி முறை, மகன் முறை என்று குடும்பத்தோடு வந்தார். சண்டைக்கு வருகிறவன் அப்படியா வருவான்? இந்த இடத்தில்தான் எனக்குத் தொண்டை அடைக்கிறது.

பையன் எங்கே என்று பாஸ்கம் கேட்டார். எனக்குத் தெரியாது, வேறு கூட்டத்தாரின் வேலையாக இருக்கும், அவகாசம் கொடுத்தால் தேடித் தருகிறேன் என்றார் கொச்சீஸ். பாஸ்கம் நம்பவில்லை. பையன் வரும்வரை நீங்கள் எல்லாரும் பிணை என்றார். கொச்சீஸ் கத்தியை எடுத்துக் கூடாரத் துணியைக் கிழித்துக்கொண்டு வெளியே பாய்ந்தார். குண்டுகளுக்குத் தப்பி மலையேறிவிட்டார். குடும்பம் உள்ளே மாட்டிக்கொண்டது. அப்பாச்சிகள் இந்தக் கதைக்கு "கூடாரத்தைக் கிழித்தது" என்றே பெயர் வைத்தார்கள்.

அடுத்த நாட்களில் அவரும் ஆட்களைப் பிடித்தார். தபால் நிலையத்தில் வேலை பார்த்த ஒருவரையும் அந்த வழியாக வந்த வண்டிக்காரர்களையும். இவர்களைத் தருகிறேன், என் குடும்பத்தைக் கொடு என்றார். பையனைக் கொடுத்தால்தான் உண்டு என்றார் பாஸ்கம். பையன் கொச்சீஸிடம் இல்லவே இல்லை! இல்லாத பிள்ளையை எங்கிருந்து கொடுப்பார்? கடைசியில் கொச்சீஸ் தன்னிடம் இருந்தவர்களைக் கொன்றார். கொடூரமாகத்தான் கொன்றார், அதையும் தம்பியிடம் மறைக்காதே. படைக்காரர்கள் கொச்சீஸின் தம்பியையும் அவருடைய சொந்தக்காரர் இருவரையும், வேறு மூன்று அப்பாச்சிகளையும் மரத்தில் தூக்கிலிட்டார்கள். மனைவியையும் பிள்ளைகளையும் விட்டுவிட்டார்கள். அதற்குப் பிறகு பத்து வருஷத்துக்கு மேல் அந்த வட்டாரமே எரிந்தது.

அந்தப் பையன் என்ன ஆனான் என்று தம்பி கட்டாயம் கேட்பான். வேறு அப்பாச்சிக் கூட்டம் ஒன்று அவனைத் தங்கள் பிள்ளைபோல வளர்த்தது. பின்னாளில் மிக்கி ஃப்ரீ என்ற பெயரில் அதே படைக்குத் தடம் பார்ப்பவனாகவும் மொழிபெயர்ப்பாளனாகவும் வந்து சேர்ந்தான்.

1862 ஜூலையில் கலிபோர்னியாவிலிருந்து வந்த படை தாகத்தோடு அந்தச் சுனைக்கு வந்தது. மேலே பாறைகளுக்குப் பின்னால் கொச்சீஸும் அவருடைய மாமனார் மாங்கஸ் கொலரடாஸும் காத்திருந்தார்கள். படை பீரங்கியை மேலே திருப்பியதும் அப்பாச்சிகள் நிற்க முடியாமல் விலகினார்கள். அதே மாதக் கடைசியில், இனி இந்தத் தண்ணீர் நம் கையில் இருக்கவேண்டும் என்று அங்கேயே கோட்டை எழுப்பினார்கள். மறு வருஷம் ஜனவரியில் மாங்கஸ் கொலரடாஸ் சமாதானம் பேச வந்தார். வந்தவரைப் பிடித்துவைத்து, தப்பிக்கப் பார்த்தார் என்று சொல்லிச் சுட்டுக் கொன்றார்கள். தலையை வெட்டி எடுத்தார்கள். வயதில் பெரியவர், வெள்ளைக்கொடியை நம்பி வந்தவர்.

அப்பாச்சிகளை நான் சாதுக்களாக்கிக் காட்டவில்லை கண்ணு. மெக்சிகோ கிராமங்களில் புகுந்து மாடு குதிரை ஓட்டிவருவது அவர்களுக்குப் பிழைப்பில் ஒரு பகுதியாகவே இருந்தது. வழிப்போக்கர்களும் பண்ணைக் குடும்பங்களும் அவர்கள் கையில் செத்திருக்கிறார்கள். அந்தத் தாய்மாரின் அழுகையும் அழுகைதான். ஆனால் எதிர்ப்பக்கம் என்ன நடந்தது என்று சேர்த்துப் பார். 1830களில் வட மெக்சிகோவின் மாநில அரசுகள் அப்பாச்சியின் உச்சந்தலைத் தோலுக்கு விலை வைத்தன. 1851இல் ஜானோஸ் ஊருக்குப் பக்கத்தில், ஆண்கள் வியாபாரத்துக்குப் போயிருந்த நேரம், மெக்சிகோப் படை புகுந்து முகாமில் இருந்தவர்களைக் கொன்றது. வீடு திரும்பிய ஒருவர் தாய், மனைவி, மூன்று குழந்தைகள் எல்லாரையும் இழந்திருந்தார். அவர்தான் ஜெரோனிமோ.

1871 ஏப்ரல் 30. இதைத் தம்பிக்கு இன்னும் இரண்டு வருஷம் கழித்துச் சொல். அரவைப்பா ஓடைக்கரையில், கிராண்ட் முகாம் என்ற படைத்தளத்தின் பாதுகாப்பை நம்பி ஆயுதத்தைக் கீழே வைத்துவிட்டுத் தங்கியிருந்த அப்பாச்சிகளை, டூசானிலிருந்து வந்த கும்பல் விடியற்காலையில் தாக்கியது. நூறு பேருக்கு மேல் கொன்றார்கள். கிட்டத்தட்ட எல்லாருமே பெண்களும் குழந்தைகளும். பிடிபட்ட பிள்ளைகளை அடிமைகளாகக் கொண்டுபோனார்கள். முகாம் அதிகாரி லெப்டினன்ட் விட்மேன், நாங்கள் செய்யவில்லை என்று தப்பிப் பிழைத்தவர்கள் நம்பவேண்டுமே என்று, தன் வீரர்களை அனுப்பி இறந்தவர்களைப் புதைக்கச் செய்தார். சோல்ஜர்ஸ் நல்லவங்களா என்று கேட்டானே, இந்த மனிதரை அவனுக்குச் சொல். வழக்கு டூசானில் நடந்தது. ஜூரிகள் 19 நிமிஷத்தில் எல்லாரையும் விடுதலை செய்துவிட்டார்கள். பத்தொன்பது நிமிஷம்! நான் சாதம் வடிக்கிற நேரம் கூட இல்லை.

இன்னொரு நல்லவரும் உண்டு. ஜெனரல் ஹோவர்ட். உள்நாட்டுப் போரில் வலது கையை இழந்தவர். 1872இல் பெரிய படை எதுவும் இல்லாமல், கொச்சீஸின் நண்பரான டாம் ஜெஃபர்ட்ஸ் வழிகாட்ட, டிராகூன் மலைக்குள்ளே போய் நாள்கணக்கில் தங்கிப் பேசினார். உங்கள் சொந்த மலையே உங்களுக்கு ஒதுக்கிடம், அதாவது அரசாங்கம் உங்களுக்கென்று ஒதுக்குகிற நிலம், என்று முடிவானது. கொச்சீஸ் தன் வாக்கைச் சாகிறவரை காப்பாற்றினார். 1874இல் இறந்தார். எங்கே புதைத்தார்கள் என்பதை அவருடைய மக்கள் ரகசியமாகவே வைத்துக்கொண்டார்கள். 1876இல் அரசாங்கம் அந்த ஒதுக்கிடத்தை ரத்து செய்து, ஜனங்களைச் சான் கார்லோஸ் பொட்டலுக்குப் போகச் சொன்னது. வாக்கு கொடுத்து நாலு வருஷம்தான்.

ஜெரோனிமோ திரும்பத் திரும்ப அங்கிருந்து தப்பியது இதனால்தான். 1886இல் அவரோடு கடைசியாக இருந்தவர்கள் பெண்கள் குழந்தைகளைச் சேர்த்து நாற்பது பேர் கூட இல்லை. அவர்களைத் தேடியது 5,000 வீரர்கள். மலையுச்சிகளில் கண்ணாடி வைத்து வெயிலில் மின்னவிட்டுச் செய்தி அனுப்பினார்கள். கடைசியில் பீரங்கியும் கண்ணாடியும் ஒன்றும் செய்யவில்லை. மார்ட்டீன், கயீட்டா என்ற இரண்டு அப்பாச்சிகள் முன்னால் நடந்துபோய்ப் பேசினார்கள், பின்னால் லெப்டினன்ட் கேட்வுட் போனார். செப்டம்பர் 4ஆம் தேதி ஜெரோனிமோ சரணடைந்தார். நாலு நாள் கழித்து அவர்களைக் கோட்டையிலிருந்து ரயிலடிக்குக் கொண்டுபோனபோது, படையின் பேண்டு வாத்தியக்காரர்கள் நண்பர்களைப் பிரியும்போது பாடுகிற ஸ்காட்லாந்துப் பாட்டை வாசித்தார்கள். ஊரை விட்டே கிளப்பப்படுகிறவர்களுக்கு!

இன்னும் கேள். படைக்காக உழைத்த மார்ட்டீனையும் கயீட்டாவையும்கூடக் கைதிகளாக ஃபுளோரிடாவுக்கு அனுப்பிவிட்டார்கள். சண்டைக்கே போகாமல் ஒதுக்கிடத்தில் சோளம் போட்டுக்கொண்டிருந்த சிரிக்காவா மக்களையும் சேர்த்துத்தான். ஃபுளோரிடா, அலபாமா, அப்புறம் ஓக்லஹோமாவின் சில் கோட்டை. 1913 வரை, 27 வருஷம் போர்க்கைதிகள். அங்கே பிறந்த குழந்தைகளும் பிறக்கும்போதே கைதிகள். விவரம் தெரிந்த பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்து பென்சில்வேனியாவில் கார்லைல் பள்ளிக்கு அனுப்பினார்கள். முடியை வெட்டினார்கள், தாய்மொழி பேசக்கூடாது என்றார்கள். காசநோயில் பல பிள்ளைகள் செத்தார்கள். ஜெரோனிமோ 1909இல் கைதியாகவே இறந்தார். சொந்த மலைக்கு ஒருமுறை போய்வர அனுமதி கேட்டுக்கொண்டே இருந்தார், கிடைக்கவில்லை.

அதனால் தம்பியிடம், "ரெண்டு பேரும் சண்டை போட்டாங்க" என்று மட்டும் சொல்லி நிறுத்தாதே. அங்கே வாழ்ந்தவர்களின் தண்ணீரையும் நிலத்தையும் பிள்ளைகளையும் எடுத்துக்கொண்டார்கள், அவர்கள் திருப்பி அடித்தார்கள், அடித்ததில் பாவம் செய்யாதவர்களும் செத்தார்கள் என்று சொல். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு இது புரியும். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இன்றைக்கும் நியூ மெக்சிகோவில் மெஸ்கலேரோவிலும் ஓக்லஹோமாவிலும் இருக்கிறார்கள் என்பதையும் சொல். அவன் வகுப்பில் எல்லாரும் போய்ச் சேர்ந்துவிட்ட மாதிரிப் பேசிக்கொள்ளப் போகிறார்கள்.

குளிர் விடுமுறையில் மறுபடி ஒருமுறை அவனைக் கூட்டிக்கொண்டு போய்வாருங்கள். தண்ணீர் நிறைய எடுத்துக்கொள், தொப்பி போட்டுவிடு. கோட்டைக்குப் போகிற வழியில் வேலி போட்ட சின்னக் கல்லறைத் தோட்டம் வரும். அன்றைக்கு நீங்கள் முன்னால் போய்விட்டீர்கள், நான் மூச்சு வாங்க அங்கே நின்றேன். லிட்டில் ரோப், ஜெரோனிமோவின் மகன், 1885, வயது 2 என்று எழுதின ஒரு பலகை இருக்கிறது. அம்மாக்களையும் குழந்தைகளையும் பிடித்து அந்தக் கோட்டையில் வைத்திருந்த நேரத்தில் இறந்த குழந்தை. யாரோ அதன்மேல் சின்னச் சின்னக் கூழாங்கற்களும் ஒரு பொம்மைக் குதிரையும் வைத்திருந்தார்கள். நான் அப்போது உங்களிடம் சொல்லவில்லை.

அந்தப் பலகையை அவனையே வாசிக்கச் சொல். அப்புறம் சுனைவரை நடக்கும்போது அவன் கேட்பான், நீ சொல்லிக்கொண்டே நட. நாரத்தங்காய் ஊறுகாய் அடுத்த பார்சலில் வருகிறது.

அன்புடன்,
அம்மா