விண்ணை அசைக்கும் பொருளைத் தொலைப்பவர்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழில் மிகுபுனைவு (ஃபேன்டஸி) எழுதுவோருக்கும், கேம்களுக்குக் கதை அமைப்போருக்கும் வணக்கம்.

உங்கள் உலகங்களில் தொலைந்துபோன தெய்வப் பொருள்களுக்குக் குறைவே இல்லை. காலத்தை நிறுத்தும் கல், விண்மீன்களை அணைக்கும் வாள், ஏழு துண்டாகச் சிதறிய மகுடம். (அது ஏன் எப்போதும் ஏழு?) முதல் அத்தியாயத்தில் சிலிர்க்க வைக்கும் பொருள், நாயகி கைக்கு வந்ததும் கதையைக் கொன்றுவிடுகிறது. கையெழுத்துப் படிகளைத் திருத்துபவர்களும் மேசையைச் சுற்றி உட்கார்ந்து பாத்திரமேற்று ஆடும் கதை விளையாட்டுகளை நடத்துபவர்களுமான நாங்கள் கேட்பது ஒன்றுதான்: சக்தியை எழுதும் முன் அதன் தடையை எழுதுங்கள்.

காலத்தை நிறுத்தும் கல் நாயகியின் மடியில் இருக்கிறது. அவள் கண்முன்னே தம்பியைக் குத்துகிறார்கள். அவள் கல்லைத் தொடவில்லை. "ஏன் எடுக்கல?" என்று வாசகர் கேட்டால் பதில் வேண்டும். பதில் இல்லையென்றால் அதற்கப்புறம் எத்தனை பக்கம் ஒப்பாரி வைத்தாலும் எடுபடாது.

இதற்கு வெளிநாட்டு உதாரணம் தேட வேண்டியதில்லை. மணிமேகலையின் அமுதசுரபியை எடுத்துக்கொள்ளுங்கள். அள்ள அள்ளக் குறையாது என்பது மட்டும்தான் எல்லோருக்கும் நினைவிருக்கிறது. அதைச் சுற்றியுள்ள விதிகளைப் பாருங்கள். மணிபல்லவத் தீவின் கோமுகிப் பொய்கையில் கிடக்கும் பாத்திரம் ஆண்டுக்கு ஒரே நாள்தான், வைகாசி விசாகத்தன்று, மேலே வரும். மணிமேகலை கைக்கு வந்த பிறகும், பத்தினிப் பெண் ஒருத்தி முதல் பிச்சை இட வேண்டும் என்கிறார்கள், ஆதிரையிடம் போகிறாள். எல்லாவற்றையும் விடக் கூர்மையான விதி, பசித்தவர் இல்லாத இடத்தில் பாத்திரத்துக்கு வேலையே இல்லை என்பது. மணிமேகலைக்கு முன் அதை வைத்திருந்து பசித்தவர்களுக்குச் சோறிட்டவன் ஆபுத்திரன். இந்திரன் அவனோடு சண்டை போடவில்லை, பாத்திரத்தைப் பிடுங்கவும் இல்லை. மழையைப் பெய்வித்தான். நாடு செழித்தது, சாப்பிட ஆள் வரவில்லை. பஞ்சம் பட்ட சாவக நாட்டுக்குக் கப்பலேறிய ஆபுத்திரன் வழியில் மணிபல்லவத்தில் இறங்க, கப்பல் அவனை விட்டுப் போய்விட்டது. ஆளில்லாத தீவில் தன் ஒரு வயிற்றுக்காக மட்டும் அதை வைத்திருக்க மனமில்லாமல் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாமல் உயிர் துறந்தான். பொருள் தொலைந்த காரணம் அதன் விதியிலிருந்தே பிறக்கிறது. 'பெரும்போரில் மறைந்தது' என்று ஒரு வரியில் தள்ளிவிடும் கதைகளில் கிடைக்காதது இதுதான்.

இனி உங்கள் பொருளைச் செய்வோம். ஊழித்திகிரி என்று வைத்துக்கொள்ளுங்கள்: ஒரு சாண் அகல வெண்கலச் சக்கரம், விளிம்பில் 12 பல். ஒரு பல் நகர்த்தினால் விடியல் ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், தள்ளிப்போகும். நகர்ந்த பல் உதிர்ந்துவிடும், திரும்ப முளைக்காது. நாயகி கண்டெடுக்கும்போது 3 பல்தான் மிச்சம். ஆக மொத்தம் 72 நிமிட இருட்டு. போன 9 பல்லை யார், எதற்காகச் செலவழித்தார்கள் என்பதே உங்கள் உலகத்தின் வரலாறு. தனியாக ஒரு முன்கதை அத்தியாயம் வேண்டாம். முதல் பல்லை அற்பக் காரணத்துக்கு வீணாக்குங்கள், விதி வாசகருக்குப் பிடிபட்டுவிடும். உச்சக்கட்டத்தில் இரண்டு பல் தேவைப்படட்டும், கையில் ஒன்றுதான் இருக்கட்டும்.

கேம் அமைப்போர் எண்ணிக்கையில் கவனமாக இருங்கள். ஒரே ஒரு தடவைதான் பயன்படும் என்றால் ஆடுபவர்கள் கடைசிவரை பத்திரப்படுத்திவிட்டுப் பயன்படுத்தாமலே ஆட்டத்தை முடிப்பார்கள். பத்து தடவை என்றால் பூட்டுத் திறக்கக்கூட எடுப்பார்கள். மூன்று, நான்கு சரியாக வரும். பொருளைப் பயன்படுத்துவதற்கான விலையை உயிர்ப்புள்ளியில் (பாத்திரத்துக்கு எவ்வளவு உயிர் மிச்சம் என்று காட்டும் எண்) வைக்காதீர்கள். குழுவில் வைத்தியர் இருந்தால் அடுத்த சுற்றிலேயே ஈடுகட்டிவிடுவார். ஒரு நினைவு, ஒரு நட்பு, ஒரு ஊரின் கிணற்றுநீர் என்று போனால் வராததை வையுங்கள். 'ஆன்மாவைத் தின்னும்' என்று மட்டும் எழுதினால் அது விலையே இல்லை. எதை, எவ்வளவு, எப்போது தின்னும் என்பது தெரிய வேண்டும்.

அடுத்தது பொருளின் உடம்பு. ஆயிரம் ஆண்டு கடலடியில் கிடந்த பொருள் பளபளப்பாக எழுந்து வருவதைப் படிக்கும்போது சிரிப்பு வருகிறது. கிரேக்கத்தின் ஆன்டிகிதெரா தீவருகே மூழ்கிய கப்பலிலிருந்து 1901-இல் எடுத்த வான்கணிப்புக் கருவியைப் பாருங்கள். வெளியே வந்தபோது பச்சை பூத்த ஒரு கட்டி, அவ்வளவுதான். உள்ளே பல்சக்கரம் இருப்பது மறு ஆண்டுதான் கண்ணில் பட்டது. இன்று 82 துண்டுகளும் 30 பல்சக்கரங்களும் ஏதென்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. பெரிய சக்கரமொன்றில் 223 பல். கிரகணங்கள் திரும்ப வரும் சுழற்சி 223 சந்திர மாதம். நிலவு ஒரு சமயம் வேகமாகவும் ஒரு சமயம் மெதுவாகவும் நகர்வதைக் காட்ட, ஒரு சக்கரத்தின் ஆணி இன்னொன்றின் காடியில் வழுக்கி ஓடும்படி செய்திருக்கிறார்கள். ஊடுகதிர்ப் படங்கள் எடுத்துத்தான் இதைப் பிரித்தறிய முடிந்தது. கைப்பிடியைச் சுற்றினால் வானம் ஓடும் பெட்டி! மந்திரமே சேர்க்காமல் இது இவ்வளவு மிரட்டுகிறது.

எனவே எந்த உலோகம், எங்கே கிடந்தது என்று முதலில் முடிவு செய்யுங்கள். தங்கம் அப்படியே இருக்கும். வெள்ளி கறுக்கும். வெண்கலம் பச்சை பூக்கும். கடலில் கிடந்த இரும்பைச் சுற்றி ஓடு கட்டி, இரும்பு கரைந்துபோய் வெறும் அச்சு மட்டும் மிஞ்சுவதுண்டு. அந்த வெற்றிடத்தில் பிசின் ஊற்றித்தான் ஆய்வாளர்கள் வடிவத்தை மீட்கிறார்கள். தெய்வ வாளே போய், அதன் அச்சு மட்டும் கிடைத்தால் என்ன ஆகும்? இதை யாராவது எழுதுங்களேன்.

தடயங்களில் கஞ்சத்தனம் வேண்டாம். ஒவ்வொரு கட்டத்துக்கும் மூன்று வையுங்கள். ஒன்றைக் கவனிக்க மாட்டார்கள், ஒன்றைத் தப்பாகப் புரிந்துகொள்வார்கள், மூன்றாவது கைகொடுக்கும். மூன்றும் ஒரே கிழவர் வாயிலிருந்து வரக்கூடாது: ஒன்று தாலாட்டாக, ஒன்று வரிக்கணக்கு ஓலையாக, ஒன்று எதிரியின் பிசகான வரைபடமாக வரலாம்.

கையெழுத்துப் படியை அனுப்பும்போது பொருளின் சக்தி, தடை, விலை, தொலைந்த காரணம், இப்போதைய நிலை ஆகிய ஐந்தையும் அரைப் பக்கத்தில் எழுதி மேலே இணைத்துவிடுங்கள். தடை என்ற இடம் காலியாக இருந்தால் கதையை இன்னும் ஒரு மாதம் உங்களிடமே வைத்திருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் முதல் வாசகர்கள்