ஆவாரையைத் தோண்டி நடாதீர்கள், விதையுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கோடையைத் தாங்கும் தோட்டச்செடிகள் பற்றித் தங்கள் நாளிதழில் வந்த கட்டுரையில் ஆவாரைக்கும் இடம் கொடுத்திருந்தது மகிழ்ச்சி. ஆனால் 'தரிசு நிலத்தில் கிடைக்கும் செடியை வேரோடு எடுத்து வந்து நடலாம்' என்று சொல்லியிருந்த ஒரு வரி, வாசகர்கள் பலரது உழைப்பை வீணாக்கிவிடும்.

ஆவாரை வறட்சியைத் தாங்குவதே ஆழமாக இறங்கும் ஆணிவேரால்தான். முழங்கால் உயரச் செடிக்குக்கூட வேர் கடப்பாரைக்கு எட்டாத ஆழத்தில் இருக்கும். தோண்டும்போது அது அறுந்துபோகும். மேலே இருக்கும் இலை நாலு நாள் பச்சையாகத் தெரியும், பிறகு கொட்டும், செடி பட்டுப்போகும். தண்ணீர் போதவில்லை என்று நினைத்து ஊற்ற ஊற்ற, அறுந்த வேர் அழுகுவதுதான் மிச்சம். 'ஆவாரை பூத்திருக்கச் சாவாரைக் கண்டதுண்டோ' என்கிறோம். ஆவாரையே சாவதை இப்படித்தான் காண்கிறோம்.

விதையிலிருந்து வளர்ப்பது எளிது. காய் தட்டையாக, விரல் நீளத்தில் இருக்கும். அது பழுப்பாகிக் காய்ந்த பிறகு பறியுங்கள். ஊசி குத்தியதுபோல் துளை உள்ள விதையைத் தள்ளிவிடுங்கள். உள்ளே வண்டு தின்றிருக்கும். நல்ல விதையையும் அப்படியே ஊன்றினால் பத்தில் ஒன்றிரண்டுதான் முளைக்கும். மேல்தோல் கெட்டியானது, தண்ணீரை உள்ளே விடாது. தண்ணீரைக் கொதிக்க வைத்து அடுப்பிலிருந்து இறக்கி, கொதி அடங்கியதும் விதைமேல் ஊற்றி இரவு முழுக்க ஊறவிடுங்கள். அடுப்பின் மேலேயே வைத்து வேகவிட்டால் முளை செத்துவிடும். காலையில் உப்பியிருக்கும் விதைகளை எடுத்துக்கொண்டு, உப்பாதவற்றை உப்புத்தாளில் ஒரு பக்கம் மட்டும் லேசாகத் தேய்த்து மறுபடி ஊறவைக்கலாம். கூர்முனையைத் தேய்க்கக் கூடாது, முளை அங்கேதான் இருக்கிறது.

செடி நிற்கப்போகும் இடத்திலேயே விதைப்பது மேல். வடகிழக்குப் பருவமழைக்கு முன், புரட்டாசியில், ஓரடிக்கு ஓரடி குழி எடுத்து, அதே மண்ணோடு இரண்டு கை மட்கிய எரு மட்டும் கலந்து மூடி, அரை அங்குல ஆழத்தில் மூன்று விதை போடுங்கள். ஒரு வாரம், பத்து நாளில் முளை தெரியும். ஒரு சாண் வளர்ந்ததும் திடமான ஒன்றை விட்டுவிட்டு மற்றதைப் பிடுங்காமல் கத்தரித்துவிடுங்கள். பிடுங்கினால் பக்கத்து வேரும் ஆடிப்போகும். வேலியாக வேண்டுமானால் இரண்டடிக்கு ஒன்று, தனிச்செடியாக வேண்டுமானால் ஐந்தடி இடைவெளி. பையில் வளர்த்துத்தான் ஆகவேண்டும் என்றால் உயரமான பையாகப் பார்த்து, இரண்டு மாதத்துக்குள் நிலத்தில் இறக்கிவிட வேண்டும். வேர் பைக்குள் சுருண்டுவிட்டால் பிறகு எந்த நிலத்தில் வைத்தாலும் அது ஆழம் போகாது.

முதல் மாதம் மழையில்லாத வாரங்களில் இரண்டு முறை தண்ணீர், அதன்பின் முதல் கோடை முடியும்வரை வாரம் ஒருமுறை. அவ்வளவே. பலரும் கெடுப்பது இதற்கடுத்த கட்டத்தில்தான். ரோஜாவுக்கும் மல்லிகைக்கும் போகும் சொட்டுநீர்க் குழாயை ஆவாரைக்கும் இழுத்துவிடுகிறார்கள், கையோடு யூரியாவும் வைக்கிறார்கள். செடி தளதளவென்று இலையாகவே வளரும், பூ வராது. களிமண், கரிசல் என்றால் தூர் அழுகும். அங்கே முக்கால் அடி மேடு கட்டி அதன்மேல் விதைக்க வேண்டும். நிழலிலும் பூக்காது. நாள் முழுக்க வெயில் விழும் தெற்கு, மேற்கு ஓரங்கள், மற்ற செடி கருகும் இடங்கள், இதற்குப் பொருத்தம்.

பூ புதுக்கிளையின் நுனியில் கொத்தாக வரும். ஆகவே ஒரு பூப்பு முடிந்ததும் காயோடு சேர்த்து மூன்றில் ஒரு பங்கைக் கத்தரித்தால் பக்கக்கிளை பெருகும். ஐப்பசிக்குப் பிறகு கத்தரி வைக்காதீர்கள், பொங்கல் காப்புக்கட்டப் பூ இல்லாமல் போகும்.

இலைகளைப் பச்சைப்புழு மொத்தமாகத் தின்றுவிட்டதென்று மருந்து தேடுபவர்களுக்கு: அது வெளிர் மஞ்சளாகப் பறக்கும் பட்டாம்பூச்சியின் புழு. வளர்ந்த செடி மீண்டும் துளிர்த்துவிடும். மருந்தடித்தால் பூவுக்கு வரும் கருவண்டும் போய்விடும். ஆவாரம்பூவில் தேன் கிடையாது. மகரந்தப்பையும் நுனியில் சிறு துளையாகத்தான் திறக்கும். வண்டு பூவைப் பற்றிக்கொண்டு அதிரும்போதுதான் மகரந்தம் உதிரும். காய் பிடிக்க அந்த அதிர்வு வேண்டும்.

கடைசியாக, நாற்றங்காலில் மஞ்சள் பூ என்றாலே ஆவாரை என்று கொடுப்பது உண்டு. இலைக்காம்பின் அடியில் காதுமடல் போல வட்டமான பெரிய இலையடிச் செதில் இருக்கிறதா என்று பாருங்கள். 'ஆரிகுலேட்டா' என்ற அறிவியல் பெயரே அந்தக் காதைக் குறிப்பதுதான். அது இல்லையென்றால் வேறு செடி. பேயாவாரையாக இருந்தால் அதன் விதை நஞ்சு, குழந்தைகள் உள்ள வீட்டில் வேண்டாம்.

இப்படிக்கு,
தோட்டக்கலை ஆர்வலர்கள் சிலர்,
திண்டுக்கல்.