படம் வெளிவந்தபின் பேட்டிகள் எங்கே?

ஆசிரியருக்கு,

கிழக்கிலங்கையில் போர்க்காலத்தில் நடந்த சத்துருக்கொண்டான், வந்தாறுமூலை, வீரமுனை, கொக்கட்டிச்சோலை, காத்தான்குடி, ஏறாவூர் படுகொலைகளை ஆய்வாளர்கள் ஆவணப்படமாக்குவது நல்லதே. ஆனால் நாற்பது நிமிடப் படம் வெளிவந்த கையோடு, அதற்கென எடுத்த பல மணிநேரப் பேட்டிகள் ஹார்ட் டிஸ்கில் இடமில்லையென்று அழிக்கப்படுவதும் நடக்கிறது. இவற்றில் பல நடந்த 1990இல் முப்பது வயதிலிருந்தவர் இன்று அறுபதைக் கடந்தவர். மறுபடி போய்க் கேட்கலாம் என்பது வீண் நம்பிக்கை.

யூத இனப்படுகொலையில் தப்பியவர்களின் சாட்சியங்களைத் திரட்ட 1994இல் தொடங்கிய ஷோவா அறக்கட்டளை, ஐம்பதினாயிரத்துக்கு மேற்பட்ட பேட்டிகளை முழுதாகவே வைத்து, நிமிடவாரியாகச் சுட்டியும் இட்டிருக்கிறது. நம்மிடம் அந்தப் பணமில்லை. எத்தனையாவது நிமிடத்தில் எந்த ஊர், எந்தச் சம்பவம் என்று ஒரு கொப்பியில் குறிக்கப் பணம் எதற்கு?

அவசரம் பழைய மினிடிவி (MiniDV) எனும் சிறு வீடியோ நாடாக்களுக்குத்தான். வாவிக்கரை ஈரப்பதனில் நாடாவின் விளிம்பில் வெள்ளை இழையாகப் பூஞ்சணம் படரும். அதை அப்படியே ஓட்டினால் நாடாவைப் படிக்கும் கெமராவின் ஹெட் அடைபடும், அடுத்து போடும் நல்ல நாடாவுக்கும் தொற்றும். அதனால் பூஞ்சணம் கண்டதைத் தனியே பிரித்துத் துப்புரவாக்கத் தெரிந்தவரிடம் கொடுக்க வேண்டும். ஒரே நாடாவில் கூடுதல் நேரம் பிடிக்க எல்பி (லாங் பிளே) முறையில் பதிந்தவை வேறு கெமராவில் பெரும்பாலும் கட்டம் கட்டமாக உடையும். எடுத்த கெமராவையே தேடிப் பிடியுங்கள். ஃபயர்வயர் கேபிள் வழியாகக் கணினியில் இறக்கினால் ஒரு மணிநேரம் ஏறத்தாழ 13 ஜிகாபைட் வரும். பல கெமராக்களின் யூஎஸ்பி வழியில் வருவது தரங்குறைந்த படம்.

இறக்கியதை வாட்ஸ்அப்பில் அனுப்புவதைப் பிரதி எடுத்ததாக எண்ண வேண்டாம். அது படத்தைச் சுருக்கிவிடும், பதிந்த திகதி முதலான தகவலும் போய்விடும். மூன்று பிரதிகள் வேண்டும், அதில் ஒன்று கடற்கரைக்கு அப்பால், கண்டியிலோ பதுளையிலோ. கல்லடி முதல் கல்முனை வரை 2004 டிசம்பர் 26 சுனாமியில் என்ன நடந்தது என்பதை இங்கே யாருக்கும் சொல்லத் தேவையில்லை. கோப்புகளின் ஹாஷ் எண்ணை (கோப்பு சிறிது மாறினாலும் மாறிவிடும் சரிபார்ப்பு எண்) குறித்துவைத்து ஆண்டுக்கொருமுறை ஒப்பிட்டால், கெட்டுப்போன பிரதியை நல்லதிலிருந்து மீட்கலாம்.

சாட்சியின் பாதுகாப்பு இதைவிடச் சிக்கலானது. முகத்தை மங்கலாக்கிவிட்டு, குரலையும் பின்னால் தெரியும் படலையையும் அப்படியே விட்டால் ஊரில் எல்லாரும் ஆளைக் கண்டுகொள்வார்கள். கோப்பின் பெயரில் ஆள் பெயர் கூடாது, குறியீட்டு எண் போதும். பெயர்ப்பட்டியல் வேறிடத்தில் பூட்டில் இருக்கட்டும். இப்போதே வெளியிடலாமா, ஆய்வாளருக்கு மட்டுமா, தன் காலத்துக்குப் பிறகா என்று சாட்சியிடம் தனித்தனியாகக் கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும். வெறுமனே ‘சம்மதம்’ என்று ஒரு கையொப்பம் போதாது.

கிழக்குப் பல்கலைக்கழக நூலகம் இதற்கென ஈரப்பதன் கட்டுப்பாடுள்ள ஓர் அறையை ஒதுக்கலாம். கலியாண வீடியோ எடுத்த பழைய ஸ்டூடியோக்காரர்கள், இன்னும் ஓடும் மினிடிவி கெமராக்களைப் பழைய இரும்புக்குப் போடாமல் அங்கே கொடுத்தால் பெரிய உதவி.

ஒளிப்பதிவு ஆவணப் பணியாளர் சிலர்,
மட்டக்களப்பு.