எட்டு, ஒன்பது, பத்தாம் வகுப்புப் பெற்றோர்களுக்கு

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

வணக்கம்.

காலாண்டுத் தேர்வு மதிப்பெண் அட்டையில் கையெழுத்துப் போட வந்தவர்களில் பலர் மதிப்பெண்ணைப் பற்றிப் பேசியது கொஞ்சம்தான். “போன வருஷம் வரைக்கும் சொன்ன பேச்சு கேட்டான் சார், இப்போ ஒண்ணு சொன்னா ஒன்பது திருப்பிச் சொல்றான்” என்பதுதான் பெரும்பாலோர் குறை. பெண் பிள்ளைகளின் அம்மாக்கள், “எது கேட்டாலும் உனக்குப் புரியாதுங்கறா” என்றார்கள். ஒவ்வொருவரிடமும் தனித்தனியே சொன்னதைச் சேர்த்து எழுதிவிடலாம் என்று தோன்றியது. பத்தாம் வகுப்புச் சிறப்பு வகுப்பின் நேரத்தையும் மாற்றியிருக்கிறோம். அதற்கான காரணமும் இதற்குள்ளேயே இருக்கிறது.

முதலில் எதிர்ப்பேச்சு. நம் பள்ளி ஆய்வகத்தில் ஆறாம் வகுப்புப் பிள்ளைகளிடம் நூலையும் சில எடைக்குண்டுகளையும் கொடுத்து, ஊசல் வேகமாக ஆடுவது எதனால் என்று கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். குட்டை நூலில் கனமான குண்டைக் கட்டுவார்கள், நீள நூலில் லேசானதைக் கட்டுவார்கள். “கனமா இருந்தா வேகமா ஆடுது சார்” என்று அடித்துச் சொல்வார்கள். நூலையும் குண்டையும் ஒரே நேரத்தில் மாற்றிவிட்டோம் என்பது அவர்களுக்கு உறைக்காது. ஒன்பதாம் வகுப்பில் அதே சாமானைக் கொடுத்தால் யாராவது ஒரு பிள்ளை, “இருடா, நூலை மாத்தாத, குண்டை மட்டும் மாத்து” என்று குறுக்கே பாயும். ஜெனீவாவில் உளவியலாளர்கள் ழான் பியாஜேயும் பார்பெல் இன்ஹெல்டரும் பிள்ளைகளிடம் செய்து பார்த்து 1955இல் எழுதியது இதைத்தான். பதினொன்று, பன்னிரண்டு வயதுக்குமேல் கண்முன் இல்லாததையும் ‘இப்படி இருந்தால் என்ன ஆகும்’ என்று நினைத்துப் பார்க்கும் திறன் வரத் தொடங்குகிறது என்றார்கள். அந்த வயதுக் கணக்கு எல்லாருக்கும் அப்படியே பொருந்தாது என்று பின்னால் வந்த ஆய்வாளர்கள் காட்டினார்கள். பத்தாம் வகுப்பிலும் நூலையும் குண்டையும் சேர்த்து மாற்றுகிறவர்கள் நம்மிடம் உண்டு.

இந்தத் திறன் ஆய்வகத்தோடு நிற்காது, வீட்டுக்கும் வரும். “அண்ணன் ஒன்பது மணிக்கு வரலாம், நான் ஆறு மணிக்கே வரணுமா? நான் பொண்ணுங்கறதைத் தவிர வேற என்ன காரணம்?” என்று உங்கள் மகள் கேட்கிறாள் என்றால், மற்றதையெல்லாம் மாற்றாமல் வைத்து ஒன்றை மட்டும் எடுத்துச் சோதிக்கிறாள். அறிவியலில் இதற்கு மதிப்பெண் போடுகிறோம், வீட்டில் வாய்த்துடுக்கு என்கிறோம். அவள் கேட்பதையெல்லாம் ஒப்புக்கொள்ள வேண்டும் என்று நான் சொல்லவில்லை. இருட்டிய பிறகு நம் ஊர்ச் சாலை எப்படி இருக்கும் என்று எனக்கும் தெரியும். அந்தக் காரணத்தை வாய்விட்டுச் சொல்லுங்கள். “நான் சொன்னா சொன்னதுதான்” என்பது ஏழு வயதில் செல்லுபடியானது. பதினான்கில் ஆகாது.

அடுத்து நீங்கள் கேட்பது நியாயமான கேள்வி: இவ்வளவு யோசிக்கத் தெரிந்தவன் ஏன் மூன்று பேராக வண்டியில் ஏறி ஏரிக்கரையில் பறக்கிறான்?

ஆறு வயதுக்குள் மூளையின் அளவு பெரியவர்களுடையதில் ஏறத்தாழ 90 சதவீதத்தை எட்டிவிடுகிறது. அதன்பின் நடப்பது உள்வேலை. பயன்படாத நரம்பு இணைப்புகள் கழிகின்றன, பயன்படுகிறவற்றின் மேல் மையலின் என்ற கொழுப்பு உறை படிந்து செய்தி வேகமாகப் போகிறது. இந்த வேலை பொதுவாகப் பின்பக்கத்திலிருந்து முன்னோக்கி நடக்கிறது. நிதானம், முன்யோசனை, ஆசையை அடக்குதல் இவற்றில் பெரும்பங்கு வகிக்கும் நெற்றிப் பகுதிக்குக் கடைசி முறை. இருபதுகளின் நடுப்பகுதி வரைகூட அது நீளும். மகிழ்ச்சிக்கும் பரபரப்புக்கும் துள்ளும் பகுதிகளோ பருவமடையும் காலத்திலேயே சூடுபிடித்துவிடுகின்றன.

அமெரிக்க உளவியலாளர் லாரன்ஸ் ஸ்டைன்பெர்க்கும் மார்கோ கார்ட்னரும் 2005இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். 306 பேரிடம் கணினியில் கார் ஓட்டும் விளையாட்டைக் கொடுத்தார்கள். மஞ்சள் விளக்கு எரிகிறது, இன்னும் கொஞ்சம் போனால் கூடுதல் புள்ளி, மோதினால் எல்லாம் போச்சு. தனியாக ஆடியபோது 13 முதல் 16 வயதுப் பிள்ளைகளுக்கும் பெரியவர்களுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. பக்கத்தில் இரண்டு நண்பர்களை உட்காரவைத்ததும் பிள்ளைகள் துணிந்து ஓட்டியது ஏறக்குறைய இரண்டு மடங்காயிற்று. 24 வயதுக்கு மேற்பட்டவர்கள் மாறவே இல்லை. உங்கள் மகனுக்கு ஆபத்து தெரியாமல் இல்லை. வீட்டில் தனியாக உட்காரவைத்துக் கேட்டால் உங்களைவிட நன்றாகவே சொல்வான். நண்பன் பின்னால் உட்கார்ந்து “முறுக்குடா” என்கிற அந்த நிமிஷத்தில் தெரிந்தது துணைக்கு வருவதில்லை.

ஆகவே அறிவுரையைவிடச் சாவியை எடுத்து வைப்பது பலன் தரும். பதினெட்டு வயதுக்குக் கீழ் உள்ளவர் வண்டியோட்டிக் குற்றம் செய்தால், 2019 மோட்டார் வாகனச் சட்டத் திருத்தத்தின்படி பெற்றோர் அல்லது வண்டி உரிமையாளருக்கு 25,000 ரூபாய் அபராதமும் மூன்றாண்டு வரை சிறையும் உண்டு. “கடைக்குத்தானே போறான்” என்று வண்டியைக் கொடுக்கிறவர்கள் இதை இன்னொரு முறை படிக்கவும்.

நண்பர்கள் பார்வை இவ்வளவு பெரிதாக இருக்கும் வயதில் நாம் அதிகம் செய்யும் தவறு, நாலு பேர் முன்னால் திட்டுவது. முகத்தில் ஒரு பரு வந்தால் தெருவே தன்னைப் பார்க்கிறது என்று நினைக்கிற பருவம் இது. உளவியலாளர் டேவிட் எல்கைண்ட் 1967இல் இதைக் கற்பனைப் பார்வையாளர்கள் என்றார். அப்போது “பக்கத்து வீட்டுப் பையனைப் பாரு” என்று வாசலில் நின்று சொன்னால், சொன்ன விஷயம் காதில் ஏறாது, அவமானம் மட்டும் ஏறும். பள்ளியிலும் இனி மதிப்பெண்ணை வகுப்பில் வாசிக்க வேண்டாம் என்று ஆசிரியர்களிடம் கூறியிருக்கிறேன். சிலருக்கு இதில் உடன்பாடில்லை, போட்டி குறையும் என்கிறார்கள். ஒரு பருவம் செய்து பார்ப்போம்.

இப்போது தூக்கம். பருவமடைந்ததும் உறக்கத்தைக் கொண்டுவரும் மெலட்டோனின் இரவில் ஒன்றிரண்டு மணி நேரம் தாமதமாகச் சுரக்கத் தொடங்குகிறது. பதினொரு மணிக்கும் தூக்கம் வரவில்லை என்று உங்கள் பிள்ளை சொல்வது பெரும்பாலும் உண்மை. கையில் செல்போன் இருந்தால் இன்னும் தள்ளிப்போகும் என்பதும் உண்மை. 13 முதல் 18 வயதுக்கு எட்டிலிருந்து பத்து மணி நேரத் தூக்கம் வேண்டும். காலை ஏழு மணிச் சிறப்பு வகுப்புக்குக் கிராமத்திலிருந்து பஸ் பிடித்து வரும் பிள்ளை ஐந்து மணிக்கு எழுகிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். முதல் பீரியடில் கன்னத்தில் கைவைத்துக் கண் சொருகும் பிள்ளைகளை எழுப்பி நிற்கவைத்துப் பயனில்லை. படித்தது நினைவில் படிவதற்கும் அந்தத் தூக்கம் வேண்டும்.

பிரம்ம முகூர்த்தத்தில் படித்தால்தான் மண்டையில் ஏறும் என்று பெரியவர்கள் சொல்வார்கள். ஒன்பது மணிக்கே விளக்கணைத்த வீடுகளில் அது நடந்தது. இன்று நம் வீடுகளில் டிவி அணைவதே பத்தரைக்கு.

எனவே வரும் திங்கள் முதல் காலைச் சிறப்பு வகுப்பு கிடையாது. மாலை 4.30 முதல் 5.30 வரை நடக்கும், 5.45 டவுன் பஸ்ஸைப் பிடிக்க வசதியாக மணியடித்துவிடுவோம். மிச்சமான காலை நேரத்தில் டியூஷன் சேர்த்துவிடாதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

எல்லாவற்றையும் வயசுக் கோளாறு என்று விட்டுவிடவும் கூடாது. இரண்டு வாரத்துக்கு மேல் சரியாகச் சாப்பிடாமல், நண்பர்களையும் தவிர்த்து, பிடித்த விளையாட்டையும் விட்டுவிட்டாலும் சரி, செத்துப்போகலாம் என்பதுபோல் ஒரு முறை பேசினாலும் சரி, காத்திருக்காமல் மருத்துவரிடம் காட்டுங்கள். 14416 என்ற அரசு மனநல உதவி எண்ணில் எந்த நேரமும் தமிழில் பேசலாம், கட்டணம் இல்லை.

பத்தாம் வகுப்புப் பெற்றோர் கூட்டம் வரும் சனிக்கிழமை காலை 10 மணிக்கு. அம்மா, அப்பா இருவருமே வர முடிந்தால் நல்லது. பிள்ளைகளும் உடன் இருப்பார்கள், அவர்களும் பேசுவார்கள்.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்