கடைசி நாள் வெறும் ஊர்வலமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

டூர் டி பிரான்ஸ் சைக்கிள் பந்தயத்தின் கடைசி நாளை 'வெறும் ஊர்வலம்' என்று விளையாட்டுப் பக்கத்தில் எழுதியிருந்தீர்கள். முக்கால்வாசி சரிதான். மூன்று வாரம் மலையேறிக் களைத்தவர்கள் அன்று அரட்டை அடித்தபடி வருவார்கள். ஒட்டுமொத்த நேரத்தில் முதலிடத்தில் இருக்கும் மஞ்சள் சட்டைக்காரர் ஷாம்பெயின் கோப்பையோடு போஸ் கொடுப்பார். அவரை அன்று யாரும் முந்தப் பார்ப்பதில்லை என்பது எழுதாத சட்டம்.

ஆனால் 1989-ஐ எப்படி மறப்பது? அந்த வருடம் கடைசி நாள், வெர்சாயிலிருந்து பாரிசுக்கு 24.5 கிலோமீட்டர், ஒவ்வொருவராகத் தனியே ஓட்டி நேரத்தைக் கணக்கிடும் போட்டி. பிரெஞ்சு வீரர் லாரன் ஃபின்யோன் ஒட்டுமொத்தத்தில் 50 வினாடி முன்னிலை. இரண்டாம் இடத்தில் இருந்த அமெரிக்கர் கிரெக் லெமாண்ட் முன்னால் நீண்ட கைப்பிடியில் முழங்கையை ஊன்றி, கூர்வால் ஹெல்மெட்டோடு குனிந்து பறந்தார். ஃபின்யோன் தலையிலோ ஒன்றுமில்லை, குதிரைவால் முடி காற்றில் ஆடியது. போதாக்குறைக்கு இருக்கை உரசிய புண் வேறு. மூவாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஓட்டி, 8 வினாடியில் தோற்றார்!

2025-இல் கடைசி நாளன்று பாரிசின் மோன்மார்த்ர் மேட்டை மூன்று முறை ஏறவைத்தார்கள். மழை என்பதால் ஒட்டுமொத்த நேரக் கணக்கை முன்கூட்டியே முடித்துவிட்டார்கள். மஞ்சள் சட்டையில் இருந்த போகச்சார் நினைத்திருந்தால் பின்னால் பத்திரமாக வந்திருக்கலாம். அவர் முன்னால் நின்று மோதினார். கடைசி ஏற்றத்தில், கல் பாவிய ஈரத் தெருவில், பெல்ஜிய வீரர் வௌட் வான் ஆர்ட் அவரைக் கழற்றிவிட்டு அன்றைய ஓட்டத்தை ஜெயித்தார்.

அடுத்த ஜூலையில் கடைசி நாளுக்கும் நாலு வரி கூடுதலாக ஒதுக்குங்கள்.

– ஒரு பழைய வாசகர்