முதலில் எத்தனை வீடு என்ற கணக்கு, அப்புறம் காய்

அன்புள்ள மல்லிகா,

நாங்கள் நலம். பேரன் நடக்க ஆரம்பித்ததைப் படித்து மனசு குளிர்ந்தது.

பெரும்பாக்கத்தில் உங்கள் பிளாக் பெண்கள் சேர்ந்து கோயம்பேடு மார்க்கெட்டிலிருந்து மொத்தமாகக் காய் எடுத்து வீடுகளுக்கு விற்கப்போவது நல்ல காரியம். ரேஷனில் அரிசி, பருப்பு, பாமாயில் வந்துவிடும். காய்க்குத்தான் வழியில்லை. சென்னை நடுவிலிருந்து ஜனங்களைக் கொண்டுபோய் அவ்வளவு தூரத்தில் குடிவைத்தார்கள், சந்தையை யாரும் யோசிக்கவில்லை. எனக்கு இன்னும் ஆறவில்லை.

மாதச் சந்தா பேச்சே வேண்டாம். நாள்கூலி வீட்டில் மொத்தப் பணம் தங்காது, பல வீட்டில் ஃபிரிட்ஜும் கிடையாது. வாரம் இரண்டு நடை போதும். முந்தின நாள் இரவே பணத்தை வாங்கிக்கொண்டு, யாருக்கு என்ன வேண்டும் என்று சீட்டு எழுதிவிடுங்கள். கடன் சொல்லி ஒரு வீட்டுக்குக் கொடுத்தால் அடுத்த வாரம் பத்து வீடு கேட்கும், பல குழுக்கள் படுத்தது அதில்தான்.

ஆளுக்குத் தினம் 400 கிராம் காயும் பழமும் வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். நாலு பேர் வீட்டுக்கு மூன்று நாளைக்கு 4.8 கிலோ. எடுத்த எடுப்பில் அவ்வளவு வாங்க மாட்டார்கள், 3 கிலோ பையில் ஆரம்பி. 40 வீடு என்றால் 120 கிலோ. குட்டியானை, அதுதான் சின்ன சரக்கு வண்டி, வாடகை நடைக்கு 1,200 ரூபாய் என்று வைத்தால் கிலோவுக்கு 10 ரூபாய் வண்டிக்கே போகிறது, தாங்காது. 100 வீடு சேர்ந்தால் 4 ரூபாய். அதனால் பக்கத்து பிளாக்கையும் சேர்த்துக்கொண்டு இறங்கு, விலை பேசுவதெல்லாம் அதற்கப்புறம்.

சேதாரத்தை மறந்துவிடாதே. 100 கிலோ தக்காளியில் 10 கிலோ நசுங்கியும் சுருங்கியும் போனால், 20 ரூபாய்க்கு எடுத்தது 22 ரூபாய்க்கு மேல் அடங்கும். வண்டிக்கு அந்த 4 ரூபாயும் சேர்த்தால் 26 தாண்டும், 27க்குக் குறையாமல் போடு. தக்காளியைப் பிளாஸ்டிக் பெட்டியோடு கொண்டுவா, மூட்டையில் கொட்டாதே. ஈரக்காயை வெங்காயத்தோடு வைத்தால் வெங்காயம் அழுகும். முதல் மாதம் கீரை வேண்டாம், மதியத்துக்குள் வாடிவிடும். கேரட், பூசணி, முருங்கைக்காய், கத்திரிக்காய் தாங்கும்.

முத்திரை போட்ட தராசில், வாங்குகிறவர் கண்ணெதிரே நிறுங்கள். லிஃப்ட் நின்ற நாளில் ஏழாம் மாடிக் கிழவிகளுக்குப் பையைத் தூக்கிப்போக ஆள் இப்போதே பேசிவை, அவர்கள்தான் முதலில் விலகுவார்கள்.

எத்தனை வீடு பெயர் கொடுத்திருக்கிறது என்று எழுது. 80க்குக் கீழே இருந்தால் சொல், வாரம் ஒரு நடையாகக் குறைத்துக் கணக்குப் போட்டு அனுப்புகிறேன்.

அன்புடன்,
சாந்தி