தாரியா நிக்கொலோதியின் பெயர் எங்கே?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் இத்தாலியத் திகில் படங்களைப் பற்றிய கட்டுரை 'சுஸ்பிரியா'வை வாயாரப் புகழ்ந்துவிட்டு, தாரியா நிக்கொலோதியை "இயக்குநர் தாரியோ அர்ஜெந்தோவின் முன்னாள் காதலி, அவருடைய சில படங்களில் தலைகாட்டியவர்" என்று ஒரே வரியில் ஒதுக்கியிருப்பதைப் படித்து மிகவும் மனம் நொந்தேன்.

1977இல் வெளிவந்த அந்தப் படத்தின் திரைக்கதை அர்ஜெந்தோ, நிக்கொலோதி ஆகிய இருவர் பெயரிலும் இருப்பது தாங்கள் அறியாததல்ல. தம் பாட்டி சொன்ன கதைதான் அதற்கு வித்து என்று நிக்கொலோதி சொல்லிவந்தார். பாட்டியின் கதை மெய்யா பொய்யா என்று எவரும் வாதிடலாம்; திரையில் எழுத்தாக ஓடும் பெயரை யாரும் வாதிட்டு அழிக்க முடியாது. அடுத்து வந்த 'இன்ஃபெர்னோ'வின் (1980) கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு. ஆனால் எழுத்தாளராக அவர் பெயர் போடப்படவில்லை. முதல் படத்தில் பெயர் வாங்கப் பட்ட பாடே போதும் என்று அவர் மறுபடி போராடவில்லை. படமெடுத்தவர்கள் செய்ததையே நாமும் செய்யலாமா?

'தலைகாட்டியவர்' என்பது அதைவிட வலிக்கிறது. அர்ஜெந்தோவின் 'புரொஃபோந்தோ ரோஸ்ஸோ' (1975) படத்தின் வெளிநாட்டுப் பிரதியை, அதாவது இருபது நிமிடங்களுக்கு மேல் வெட்டப்பட்டதை, முதலில் பார்த்தபோது எனக்கும் அவர் வந்து போகிறவராகவே தெரிந்தார். முழுப் படத்தையும் பார்த்த பிறகுதான், வெட்டுப்பட்டதில் பெரும்பகுதி அவருடைய காட்சிகள் என்பது விளங்கியது. பெண்கள் வலுவற்றவர்கள் என்று பேசும் கதாநாயகன் டேவிட் ஹெம்மிங்ஸை மேசையில் கை மல்யுத்தத்துக்கு அழைத்துத் தோற்கடிக்கும் பத்திரிகையாளர் ஜியானாவாக அவரை ஒருமுறை பார்த்தவர்கள் மறப்பதில்லை. இயக்குநர் மரியோ பாவாவின் 'ஷாக்' (1977) படத்திலோ, தாழ்வாரத்தில் ஓடிவரும் மகனை அணைக்கக் கை நீட்டுகிறார். வெட்டே இல்லாத அதே ஷாட்டில் மகன் இருந்த இடத்தில் இறந்துபோன கணவன் எழுந்து நிற்கிறான். அந்த ஒரு நொடியில் அவர் முகத்தில் பாசம் பீதியாக மாறுவதைப் பார்த்தவர் எவரும் அந்த வரியை எழுதியிருக்க மாட்டார். இந்தப் படம் அர்ஜெந்தோ இயக்கியதும் அல்ல.

2020 நவம்பரில் அவர் மறைந்தபோது தங்கள் இதழில் ஒரு பெட்டிச் செய்திகூட வரவில்லை. அப்போது நான் அனுப்பிய கடிதமும் வெளியாகவில்லை. பின்னர் ஒருமுறை அவருடைய புகைப்படம் வந்தது. அதன் கீழே "நடிகை ஆசியா அர்ஜெந்தோவின் தாய்" என்றிருந்தது. உலக சினிமாப் பக்கங்களில் நடிகைகள் இப்படி யாருக்காவது மனைவியாகவோ தாயாகவோதான் வருகிறார்கள். எழுதியவர்களின் பெயர்கள் வருவதே இல்லை. நெடுங்காலமாகக் காசு கொடுத்து வாங்கிப் படிக்கும் எனக்கு இதைச் சொல்லும் உரிமை உண்டு என்று நம்புகிறேன்.

அடுத்த இதழில், "'சுஸ்பிரியா' திரைக்கதை: தாரியோ அர்ஜெந்தோ, தாரியா நிக்கொலோதி" என்று ஒரு வரித் திருத்தம் வெளியிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். எந்தப் பக்கத்தின் மூலையில் என்றாலும் சரி.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி